மனநல விடுதிக் கொடுமையைப் படமாக்கப் போகிறவர்களுக்கு

மனநல விடுதிக்குள் நடக்கும் கொடுமை என்று கதை எழுத உட்கார்ந்தால் முதலில் கைக்கு வருவது பழைய சாமான்கள்தான். துருப்பிடித்த இரும்புக் கேட், இருட்டு வராந்தா, யாரோ அலறுவது, தலையில் கம்பி மாட்டி ஷாக் கொடுப்பது, கல்நெஞ்சுக்கார நர்ஸ். நம் தென்னாப்பிரிக்காவில் 2016-லும் அதை ஒட்டியும் 144 மனநோயாளிகள் இறந்தார்கள். அவர்கள் ஷாக் வைத்துக் கொல்லப்படவில்லை. பசி, குளிர், தண்ணீர் இல்லாமை, நின்றுபோன மாத்திரை, கூட வராத ஃபைல் ஆகியவைதான் அவர்களைக் கொண்டுபோயின. டர்பனிலோ ஜோஹன்னஸ்பர்கிலோ நம்மவர்கள் இந்த விஷயத்தைப் படமாக எடுப்பதென்றால் இதைத் தெரிந்துகொண்டு எடுக்க வேண்டும்.

நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். லைஃப் எசிடிமெனி என்ற தனியார் நிறுவனத்தின் விடுதிகளில் நாட்பட்ட மனநோயாளிகளையும் அறிவுத்திறன் குறைபாடு உள்ளவர்களையும் கௌடெங் மாகாண அரசு செலவு கொடுத்து வைத்திருந்தது. அந்த ஒப்பந்தத்தை முடித்துக்கொள்வதாக 2015 அக்டோபரில் அறிவித்தார்கள். ஆள் ஒருவருக்கு ஒரு நாளைக்கு 320 ராண்ட் ஆகிறது, கட்டுப்படியாகவில்லை என்பது காரணங்களில் ஒன்று. 2016 ஜூன் முடிவதற்குள் எல்லோரையும் காலி செய்து, பெரும்பாலானவர்களை ஆளுக்கு நாளொன்றுக்கு 112 ராண்ட் என்ற கணக்கில் தொண்டு நிறுவனங்களுக்கு அனுப்பினார்கள். அந்தப் பணமும் பல இடங்களுக்கு மாதக்கணக்கில் வந்து சேரவில்லை. சுகாதாரக் குறைதீர்ப்பாளர் பேராசிரியர் மலெகபுரு மக்கோபா 2017 பிப்ரவரி 1-ல் அறிக்கை வெளியிட்டபோது இறப்பு 94-ஐத் தாண்டியிருந்தது. நோயாளிகளை ஏற்றுக்கொண்ட 27 தொண்டு நிறுவனங்களில் ஒன்றுக்குக்கூடச் செல்லுபடியாகும் உரிமம் இல்லை என்று அவர் கண்டுபிடித்தார். அதன் பிறகு ஓய்வுபெற்ற துணைத் தலைமை நீதிபதி டிக்காங் மொசெனெக்கே மாதக்கணக்கில் குடும்பங்களையும் அதிகாரிகளையும் விசாரித்து, 2018 மார்ச் 19-ல் தீர்ப்பளித்தார். இறந்தவர்கள் 144. பிழைத்தவர்கள் 1,418. எங்கே போனார்கள் என்றே அப்போது தெரியாதவர்கள் 44.

திரைக்கதை எழுதுகிறவர் கவனிக்க வேண்டிய ஒன்று இதில் இருக்கிறது. மனநல மருத்துவர்களின் சங்கமும் குடும்பங்களும் முன்கூட்டியே எச்சரித்தார்கள். இடமாற்றத்துக்கு முன்பே வழக்கும் போட்டார்கள். அதாவது, தெரியாமல் நடந்த விபத்து என்று சொல்ல இடமே இல்லை. கடிதம் போயிருக்கிறது, கூட்டம் நடந்திருக்கிறது, கூட்டக் குறிப்பில் எழுதியும் வைத்திருக்கிறார்கள். அதற்குப் பிறகும் வண்டி கிளம்பியது. வில்லனைத் தேடுகிறவர்கள் வார்டில் தேட வேண்டாம். மாநாட்டு மேசையில், தண்ணீர் பாட்டிலும் நோட்டுப் புத்தகமும் வைத்துக்கொண்டு, குரல் உயர்த்தாமல் பேசுகிற மனிதரை எழுதுங்கள். 2024 ஜூலையில் நீதிபதி டெஃபோ, இடமாற்றத்தின்போது மாகாணச் சுகாதார அமைச்சராக இருந்த கெடானி மஹ்லாங்குவின் அலட்சியமும் மனநலப் பிரிவின் தலைமை அதிகாரியின் அலட்சியமும்தான் 9 பேரின் சாவுக்குக் காரணம் என்று தீர்ப்பளித்தார். அந்த இருவரும் வார்டு ஊழியர்கள் கிடையாது.

அந்த இடமாற்ற நாளை மட்டும் ஒழுங்காக எடுத்தால்கூடப் பாதிப் படம் ஆகிவிடும். சிலரைப் பக்கி எனப்படும் திறந்த பிக்கப் வண்டிகளில் ஏற்றினார்கள். சிலரைப் படுக்கை விரிப்பால் கட்டி ஏற்றினார்கள். சில தொண்டு நிறுவனங்கள் வந்து, மாட்டுச் சந்தையில் பார்ப்பதைப் போலப் பார்த்துப் பொறுக்கி எடுத்ததாக அறிக்கையே சொல்கிறது. அமைதியாக இருப்பவர், தானே சாப்பிடுகிறவர், அடிக்காதவர் முதலில் போவார். பலருக்கு அடையாள அட்டை போகவில்லை, மருத்துவக் கோப்பு போகவில்லை, வீட்டுக்குத் தகவலும் போகவில்லை. ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டு டப்பாவோடு பார்க்க வருகிற அம்மாவிடம் கேட்டில் நிற்கிற காவலாளி "இங்கே யாரும் இல்லை" என்று சொல்கிறார். இந்த ஒரு காட்சிக்குப் பின்னணி இசை தேவையே இல்லை.

இனி, கோப்பு இல்லாமல் ஒரு நோயாளி புது இடத்துக்குப் போனால் உடம்பில் என்ன நடக்கும் என்பதற்கு வருவோம். நடிகர்களும் இயக்குநரும் படிக்க வேண்டிய பகுதி இதுதான், ஏனென்றால் திரையில் தெரியப்போவதும் இதுதான்.

மனச்சிதைவு நோய்க்குக் குளோசபின் என்ற மருந்தைச் சாப்பிடுகிறவர் 48 மணி நேரத்துக்கு மேல் மருந்தைத் தவறவிட்டால் பழைய அளவைத் திரும்பக் கொடுக்கக் கூடாது. 12.5 மில்லிகிராமிலிருந்து மறுபடி படிப்படியாக ஏற்ற வேண்டும். எடுத்த எடுப்பில் பழைய 300-ஐயோ 400-ஐயோ கொடுத்தால் ரத்த அழுத்தம் சரிந்து மயங்கி விழுவார், வலிப்பும் வரலாம். கொடுக்காமலே விட்டால் அடங்கியிருந்த குரல்கள் சில நாளிலேயே முன்னைவிட மோசமாகத் திரும்பும். வலிப்புக்கு வால்ப்ரோயேட் சாப்பிடுகிறவருக்குத் திடீரென்று அது நின்றால் வலிப்பு தொடர்ச்சியாக வந்து, நிற்காமலேயே உயிர் போகலாம். மனநிலை ஏற்ற இறக்க நோய்க்கு லித்தியம் சாப்பிடுகிறவருக்கு ஆபத்து வேறு பக்கத்திலிருந்து வருகிறது. மருந்து சரியாகக் கொடுக்கிறார்கள், தண்ணீர்தான் போதுமான அளவு கொடுப்பதில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். உடம்பில் நீர் குறையக் குறைய ரத்தத்தில் லித்தியம் ஏறும். லிட்டருக்கு 0.6 முதல் 1.0 மில்லிமோல் வரை இருக்க வேண்டியது 1.5-ஐத் தாண்டினால் விஷம். கை நடுக்கம் பெரிதாகும், நாக்கு குழறும், குடித்தவர் மாதிரித் தள்ளாடுவார், வயிற்றுப்போக்கும் வரும். வயிற்றுப்போக்கில் இன்னும் நீர் குறையும். பார்க்கிறவர்களுக்கு அவர் "அடம்பிடிக்கிற" நோயாளியாகத்தான் தெரிவார்.

ஹாலோபெரிடால் போன்ற பழைய மனநோய் மருந்துகளின் விளைவைப் படங்கள் பெரும்பாலும் தவறாகக் காட்டுகின்றன. பித்துப் பிடித்தவர் என்றால் கண்ணை உருட்டிச் சிரிப்பதாக நடிக்கிறார்கள். உண்மையில் நீண்டகால வார்டில் நீங்கள் பார்ப்பது விறைத்த நடை, கை வீசாமல் காலைத் தேய்த்து நடப்பது, முகத்தில் அசைவே இல்லாமை, வாயோரம் எச்சில், கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் மாத்திரை உருட்டுவதைப் போன்ற நடுக்கம். வருடக்கணக்கில் சாப்பிட்டவருக்கு நாக்கு தானாக வெளியே வந்து போகும், வாய் எதையோ மெல்லும். இவையெல்லாம் மருந்தின் வேலை. நோயின் வேலை என்று நடிகர் நினைத்துவிட்டால் நடிப்பே தப்பாகிவிடும்.

இவற்றில் நாடகத்துக்கு மிக அருகில் இருப்பது, உட்கார விடாத தவிப்பு. மருந்து ஆரம்பித்த சில நாட்களிலோ அளவை ஏற்றியவுடனோ வரும். தோலுக்குள் எறும்பு ஊர்கிறதைப் போல உள்ளே ஒரு பிடுங்கல். உட்கார்ந்தால் உடனே எழுந்திருக்க வேண்டும், நின்றால் இந்தக் காலும் அந்தக் காலுமாக எடையை மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். படுக்கைக்கும் கதவுக்கும் நடுவே ஓயாமல் நடப்பார். வேண்டியது மருந்தின் அளவைக் குறைப்பது, அல்லது ப்ரோப்ரனோலால் போல ஒன்றைச் சேர்ப்பது. ஆள் போதாத வார்டில் நடப்பதோ தலைகீழ். "கிளர்ச்சியாக இருக்கிறார்" என்று எழுதி, அதே மருந்தை இன்னொரு ஊசியாகப் போடுவார்கள். தவிப்பு கூடும். மறுபடி ஊசி. யாருக்கும் கெட்ட எண்ணம் இல்லாமலே ஒரு மனிதரை மூன்று நாளில் உடைத்துவிட முடியும் என்பதைக் காட்ட இதைவிடத் தெளிவான காட்சி எனக்குத் தெரியாது. ஒரே கோணத்தில், வெட்டாமல், அந்த நடையை இரண்டு நிமிடம் காட்டுங்கள்.

குளிரையும் கவனியுங்கள். கௌடெங்கில் ஜூன், ஜூலை இரவுகளில் வெப்பநிலை பூஜ்யத்தை ஒட்டி இறங்கும். மனநோய் மருந்துகள் பல, உடம்பு தன் சூட்டைத் தானே காத்துக்கொள்ளும் திறனைக் குறைக்கின்றன. அதனால் நமக்குக் கஷ்டமாக இருக்கிற குளிர் அவர்களுக்கு உயிரை எடுக்கும் குளிர். ஆளுக்கு ஒரு மெல்லிய போர்வை, தரையில் ஸ்பாஞ்சு மெத்தை, உடைந்த ஜன்னல் கண்ணாடிக்கு அட்டை. இவ்வளவு இருந்தால் போதும், செட்டுக்குப் பெரிய செலவு வேண்டாம். பட்டினியைக் காட்ட நடிகரை எலும்பும் தோலுமாக்கவும் வேண்டியதில்லை. விடுதியில் பெல்ட் அனுமதி கிடையாது, நாடாவும் கிடையாது. இளைத்தவர் ஒரு கையால் கால்சட்டையைப் பிடித்துக்கொண்டேதான் நடப்பார். சாப்பாட்டுத் தட்டை வாங்க இரண்டு கையும் நீட்ட வேண்டிய நேரத்தில் என்ன செய்வார் என்று யோசியுங்கள்.

112 ராண்டுக் கணக்கைத் திரையில் எழுத்தாகப் போடுவதைவிடச் சமையலறையில் காட்டலாம். அந்தத் தொகைக்குள் மூன்று வேளைச் சாப்பாடு, டயப்பர், சோப்பு, துணி வெளுப்பது, மின்சாரம், வாடகை, பராமரிப்பாளர் சம்பளம், மருந்துக்குப் போகிற வண்டிச் செலவு அத்தனையும் அடங்க வேண்டும். பணமே வராத மாதத்தில் முதலில் போவது இறைச்சி, அடுத்து காய்கறி, கடைசியில் நீர்த்த பாப் (சோளமாவுக் களி) மட்டும். படுக்கையிலேயே கிடக்கிறவரை இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தரம் புரட்டிவிட வேண்டும், இல்லாவிட்டால் இடுப்பெலும்பின் மேல் தோல் சிவந்து, உரிந்து, புண்ணாகிவிடும். இரவில் இரண்டே பராமரிப்பாளர்கள் இருக்கிற வீட்டில் முப்பது பேரை யார் புரட்டுவது?

ஷாக் சிகிச்சையை வைத்தே தீருவேன் என்கிறவர்களுக்குச் சில வார்த்தைகள். நம் நாட்டு விதிமுறைப்படி பொது மயக்க மருந்தும் தசைத் தளர்வு மருந்தும் கொடுத்துத்தான் அதைச் செய்யலாம். 24 மணி நேரத்தில் ஒரு முறைக்கு மேல் கூடாது. முந்தின இரவிலிருந்து சாப்பாடு கிடையாது. பற்களுக்கு நடுவே ரப்பர் கட்டை, முகத்தில் ஆக்ஸிஜன். பல இடங்களில் ஒரு கணுக்காலில் ரத்த அழுத்தப் பட்டையை இறுக்கிக் கட்டிவிடுவார்கள். தளர்வு மருந்து அந்தப் பாதத்துக்கு மட்டும் போகாது. வலிப்பு வந்ததா என்று அந்த ஒரு பாதத்தின் துடிப்பை வைத்தே தெரிந்துகொள்வார்கள். அரை நிமிடம், ஒரு நிமிடம், முடிந்தது. விழித்ததும் குழப்பம், தலைவலி, சில நினைவுகள் விட்டுப்போவது. கடுமையான மனச்சோர்வில் சாப்பாட்டையே நிறுத்தியவர்களை இது காப்பாற்றியிருக்கிறது. ஆகவே உடம்பு தூக்கிப்போடுகிற காட்சியை இன்றைய தென்னாப்பிரிக்காவில் நடப்பதாக வைத்தால் அது பொய்தான், அதைப் பார்த்துப் பயந்து சிகிச்சையை மறுக்கிற குடும்பமும் இருக்கும். இங்கே கொடுமை நுழைகிற இடம் சம்மதப் படிவம். யார் கையெழுத்துப் போட்டார், படித்துச் சொன்னார்களா, எந்த மொழியில் சொன்னார்கள் என்று கேளுங்கள்.

தனியறையில் அடைப்பதும் கட்டிப்போடுவதும் அப்படியே. தண்டனையாகச் செய்வது சட்டப்படி குற்றம். 2002-ஆம் ஆண்டின் 17-ஆம் எண் மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 11-ஆவது பிரிவு, சிகிச்சையைத் தண்டனையாகவோ பிறரின் வசதிக்காகவோ பயன்படுத்தக் கூடாது என்றும், கட்டாய வேலை வாங்கக் கூடாது என்றும் சொல்கிறது. தனியறையில் வைத்தால் அரை மணிக்கு ஒரு முறை பார்த்துப் பதிவு செய்ய வேண்டும். அந்த ரெஜிஸ்டரை அருகில் காட்டுங்கள். 10.00, 10.30, 11.00, 11.30. ஒரே பேனா, ஒரே அழுத்தம், ஒரு நிமிடம்கூடப் பிசகில்லை, எல்லா வரியிலும் "அமைதியாக இருக்கிறார்". உண்மையில் பார்த்து எழுதியவர் கையில் 10.34 என்றும் 11.07 என்றும்தான் வரும். நடுவே "தண்ணீர் கேட்டார்" என்று ஒரு வரியாவது இருக்கும். இரவு முழுக்க எழுதியதாகக் காட்டுகிற பக்கத்தை விடியற்காலை 6.30-க்கு, ஏழு மணிக்கு ஷிஃப்ட் மாறுவதற்குள், ஒரே மூச்சில் நிரப்புகிற கையை மட்டும் காட்டினால் பார்வையாளருக்கு எல்லாம் விளங்கிவிடும்.

கதாநாயகனைச் சொந்தக்காரர்கள் சதி செய்து உள்ளே தள்ளுகிற கதை நம்மவர்களுக்குப் பிடித்த கதை. அதையும் சட்டப்படி எழுதலாம், எழுதினால்தான் பயம் வரும். கட்டாய அனுமதிக்குப் பொதுவாக மனைவியோ கணவரோ நெருங்கிய உறவினரோ விண்ணப்பிக்க வேண்டும். விண்ணப்பிக்கிறவர் கடந்த ஏழு நாளுக்குள் அவரை நேரில் பார்த்திருக்க வேண்டும். இரண்டு மனநலப் பணியாளர்கள் தனித்தனியாகப் பரிசோதிக்க வேண்டும். பிறகு 72 மணி நேரக் கண்காணிப்பு. அதற்குமேல் வைத்திருக்க வேண்டுமென்றால் மறுஆய்வுக் குழுவுக்குப் போக வேண்டும். நோயாளியே முறையிடலாம், முடிவு உயர்நீதிமன்றம்வரை போகும். ஒரு டாக்டருக்குக் காசு கொடுத்தால் ஆயுளுக்கும் அடைத்துவிடலாம் என்ற பழைய கதை இங்கே நிற்காது. ஓட்டை எங்கே என்றால், டர்பனில் நம்மவர்கள் வாழும் சாட்ஸ்வொர்த் மாதிரி இடங்களில் பொது மருத்துவமனை வார்டில் அந்த 72 மணி நேரம் படுக்கை இல்லாமல் நீண்டுகொண்டே போகும். மறுஆய்வுக் குழுவுக்குப் போன காகிதத்துக்குப் பதில் தாமதமாகும். நோயாளிக்குத் தனக்கு முறையிடும் உரிமை உண்டென்று யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். உதவித்தொகை அட்டையோ வேறொருவர் கையில் இருக்கும்.

நம் வீடுகளின் பங்கையும் மறைக்க வேண்டாம். பையன் தனக்குத்தானே பேச ஆரம்பித்தால் முதலில் போவது கோயிலுக்கு, தாயத்துக்கு, "யாரோ செய்துவிட்டார்கள்" என்று குறி பார்ப்பதற்கு. கோயிலுக்குப் போவதில் எந்தத் தப்பும் இல்லை. பூசாரியே ஆஸ்பத்திரிக்கும் கூட்டிப்போகச் சொன்ன குடும்பங்கள் உண்டு. தப்பு எங்கே என்றால், அக்காவின் கல்யாணப் பேச்சு கெட்டுவிடும் என்று தம்பியைப் பின்னறையில் பூட்டி வைப்பதில்தான். விடுதியில் சேர்த்த பிறகு "ஜோபர்கில் வேலை பார்க்கிறான்" என்று ஊருக்குச் சொல்லிவிட்டு, பார்க்கப் போவதையே நிறுத்திவிடுவதில்தான். யாரும் பார்க்க வராத நோயாளிக்குத்தான் எந்த விடுதியிலும் முதலில் அடி விழும்.

மொழியைப் பற்றியும் ஒரு காட்சி எழுதுங்கள். இன்று நம் வீடுகளில் ஆங்கிலம்தான். ஆனால் மறதி நோய் வந்த முதியவர்கள் பலருக்குப் பின்னால் கற்ற மொழி நழுவிப்போய், சின்ன வயதுத் தமிழ் மட்டும் மிஞ்சும். கரும்புத் தோட்டப் பாரக்ஸில் வளர்ந்த ஒரு பாட்டி வார்டில் தமிழில் தண்ணீர் கேட்கிறார். அது காதில் விழுகிற நர்ஸுக்கு சுலுவும் ஆங்கிலமும்தான் தெரியும். கோப்பில் "தொடர்பின்றி முணுமுணுக்கிறார்" என்று ஏறுகிறது. நம் அரசியல் சாசனத்தின் 6-ஆவது பிரிவு மதிக்கப்பட வேண்டிய மொழிகளில் தமிழையும் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. வார்டுக்கு ஒரு மொழிபெயர்ப்பாளர் வந்தால்தான் அதற்கு உயிர்.

காலனி காலத்திலோ நிறவெறிக் காலத்திலோ கதையை வைக்கிறவர்களுக்கு வேறு சில தகவல்கள் உதவும். பீட்டர்மாரிட்ஸ்பர்கின் டவுன் ஹில், 1880-ல் நேட்டால் அரசின் பைத்தியக்கார ஆஸ்பத்திரியாகத் திறக்கப்பட்டது. ஒப்பந்தக் கூலிகளாக வந்த நம் ஆட்களையும் காலனி அரசு அங்கே வைத்திருந்தது. 1960-களிலிருந்து ஸ்மித் மிட்செல் என்ற தனியார் நிறுவனம், கைவிடப்பட்ட சுரங்கக் கட்டடங்களிலும் கறுப்பின நோயாளிகளை ஆயிரக்கணக்கில் வைத்து அரசிடம் தலைக்கு இவ்வளவு என்று வாங்கியது. விஷயம் பத்திரிகைகளில் வெளிவரத் தொடங்கியதும் அரசு செய்த காரியம், 1976-ல் மனநலச் சட்டத்தைத் திருத்தி, மனநல விடுதிகளைப் படம் பிடிப்பதையும் வரைவதையும் குற்றமாக்கியது. 1978-ல் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கத்தின் குழு வந்து பார்த்து, தவிர்த்திருக்கக்கூடிய சாவுகள் நடப்பதாக அடுத்த ஆண்டு அறிக்கை கொடுத்தது. அந்த நிறுவனத்தின் வழிவந்ததுதான் பின்னாளைய லைஃப் எசிடிமெனி. விடுதிக்குள் கேமரா வைப்பதே சிறைத் தண்டனைக்குரிய காரியமாக இருந்த நாட்டில் நீங்கள் இந்தப் படத்தை எடுக்கிறீர்கள்.

படப்பிடிப்பைப் பொறுத்தவரை, இயங்குகிற வார்டுக்குள் போகாதீர்கள். அனுமதி கிடைத்தாலும் வேண்டாம். அங்கே இருக்கிறவர்கள் சம்மதம் சொல்லும் நிலையில் இல்லை, பின்னணியில் மங்கலாகத் தெரிந்தாலும் அவர்கள் அவர்கள்தான். காலியான பள்ளிக்கூடம் போதும். ஜன்னல் உயரமாக, கைப்பிடி இல்லாததாக இருக்கட்டும். நோயாளிகளுக்கு அளவு பொருந்தாத பொதுத் துணி, நாடா இல்லாத செருப்பு. பதிவுபெற்ற நர்ஸின் தோளில் அரக்குச் சிவப்புப் பட்டை, மனநலச் செவிலியப் படிப்புக்கு அதன்மேல் நீலக் கோடு. ஒலிக்கு அலறல் வேண்டாம். சாவிக்கொத்து, மருந்து வண்டியின் ஒரு சக்கரம், யாரும் பார்க்காமல் ஓடுகிற டிவி, ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்கிற ஒருவர் போதும். கட்டிப்போடுகிற காட்சி இருந்தால் மனநல நர்ஸ் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். குப்புறப் படுக்க வைத்து முதுகில் எடை கொடுத்தால் நடிகருக்கும் மூச்சு நிற்கும். மனநோயிலிருந்து மீண்டவர்களையும் அவர்கள் குடும்பத்தையும் திரைக்கதை நிலையிலேயே படிக்க வையுங்கள், சம்பளம் கொடுத்து.

கடைசி எழுத்துகள் ஓடும்போது தென்னாப்பிரிக்க மனச்சோர்வு மற்றும் பதற்றக் குழுவின் இலவச எண் 0800 567 567-ஐப் போடுங்கள். அதற்குக் கீழே, விடுதியில் கொடுமையைக் கண்ணால் பார்த்தவர் யாராக இருந்தாலும் 11-ஆவது பிரிவின்படி அதற்கான படிவத்தில் புகார் கொடுத்தே ஆக வேண்டும் என்பதையும், அது மாகாண மறுஆய்வுக் குழுவுக்கும் சுகாதாரக் குறைதீர்ப்பாளருக்கும் போகலாம் என்பதையும் ஆங்கிலம், சுலு, தமிழ் மூன்றிலும் எழுதுங்கள். வேகமாக ஓட்டாமல், ஒரு தரம் முழுக்கப் படிக்கிற அளவுக்குத் திரையில் நிறுத்துங்கள்.